போலீஸ் கேஸ் போட மறுத்தால் எங்கே போவது: எஸ்.பி.யா, மாஜிஸ்திரேட்டா, ஹைகோர்ட்டா?

கேரளாவின் இடுக்கி மாவட்டத்தில் உடும்பன்சோலை, பீர்மேடு, தேவிகுளம் பக்கத்துத் தமிழ்க் குடும்பங்களிலிருந்து வரும் கேள்விகளில் ஒன்று பெயரும் ஊரும் மாறி வந்துகொண்டே இருக்கிறது. காய் மலைக்கு இந்தப் பக்கம், வியாபாரி அந்தப் பக்கம். ஏலக்காயை எடை போட்டுக் கொடுத்தாயிற்று. பணம் வரவில்லை, செக் திரும்பிவிட்டது, போனை எடுப்பதில்லை. ஸ்டேஷனில் போய்ச் சொன்னால் “இது சிவில் கேஸ், கோர்ட்டில் பார்த்துக்கொள்ளுங்கள்” என்கிறார்கள். இல்லையென்றால் “ஆள் தமிழ்நாட்டுக்காரர், போடியில் போய்க் கொடுங்கள்” என்கிறார்கள். போடிக்குப் போனால் “காய் கைமாறினது கேரளாவில், அங்கேயே கொடுங்கள்” என்று பதில். இப்படி மலை ஏறி இறங்கி அலுத்த நேரத்தில் யாராவது ஒருவர் சொல்வார்: “நேரே ஹைகோர்ட்டில் ஒரு ரிட் போடு. போலீஸ் தானாக ஓடி வரும்.”

ரிட் என்பது, அரசு அமைப்பு தன் கடமையைச் செய்யக் கட்டளையிடச் சொல்லி ஹைகோர்ட்டில் போடும் மனு. பல குடும்பங்களின் பணத்தையும் ஆறேழு மாதங்களையும் தின்றிருப்பது இந்த யோசனைதான். ஹைகோர்ட்டுக்கு அதிகாரம் இல்லை என்பதல்ல காரணம். போலீஸ் புலன்விசாரணையில் எந்தக் கோர்ட் எதுவரை கைவைக்கலாம் என்பதற்குக் கோடுகள் உண்டு. அந்தக் கோடு தெரியாமல் போகிறவர், “மாஜிஸ்திரேட்டிடம் போங்கள்” என்று ஓர் உத்தரவை வாங்கிக்கொண்டு கிளம்பிய இடத்துக்கே திரும்பி வருகிறார். இருக்கும் வழிகள் ஒவ்வொன்றும் எதற்கு உதவும், எதற்கு உதவாது, வெளியே தெரியாத செலவு எது என்று இங்கே எடைபோட்டுப் பார்க்கலாம்.

2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் போய், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. புதிய பிரிவு எண்ணையே சொல்கிறேன். வக்கீல்கள் பேச்சில் பழைய எண் இன்னும் புழங்குவதால் தேவையான இடத்தில் அதையும் சேர்க்கிறேன்.

## கோர்ட்டின் கை எதுவரை நீளும்

1944-ல் லாகூரிலிருந்து போன ஒரு வழக்கில் லண்டன் பிரிவி கவுன்சில் வகுத்த நிலைதான் இன்றைக்கும் அடித்தளம். குவாஜா நசீர் அகமது வழக்கு என்பார்கள். போலீஸின் வேலையும் கோர்ட்டின் வேலையும் ஒன்றுக்கொன்று துணை, ஒன்றின்மேல் ஒன்று ஏறக்கூடாது. குற்றச்சாட்டு கோர்ட் முன் வந்த பிறகே கோர்ட்டின் வேலை தொடங்குகிறது என்றது அந்தத் தீர்ப்பு. சுதந்திரத்துக்குப் பிறகு சுப்ரீம் கோர்ட் இதைக் கைவிடவில்லை, நுணுக்கப்படுத்தியது. போலீஸ் “கேஸ் இல்லை” என்று முடிவு சொன்னால், “குற்றப்பத்திரிகை போடு” என்று மாஜிஸ்திரேட் கட்டளையிட முடியாது என்று அபிநந்தன் ஜா வழக்கில் 1967-ல் சொன்னது. நடந்துகொண்டிருக்கும் விசாரணையை மாஜிஸ்திரேட் நிறுத்த முடியாது என்று எஸ்.என். சர்மா வழக்கில் 1970-ல் சொன்னது; போலீஸ் அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தினால் ஹைகோர்ட் தலையிடலாம் என்ற வாசலையும் அங்கேயே திறந்து வைத்தது.

ஆக, மாஜிஸ்திரேட் விசாரணையைத் தொடங்கி வைக்கலாம், ஒழுங்காக நடக்கிறதா என்று பார்க்கலாம். நிறுத்தவும் முடியாது, முடிவை எழுதித் தரவும் முடியாது. ஹைகோர்ட் நிறுத்தவும் செய்யலாம், ஆனால் அரிதாகத்தான் செய்யும்.

இந்தக் கட்டுப்பாடு நமக்கு எதிரானது என்று பலர் நினைக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. விசாரணையை நிறுத்தச் சொல்லிக் கோர்ட் ஏறும் வசதி, ஏமாந்த விவசாயியைவிட ஏமாற்றியவருக்குத்தான் அதிகம். காசை எறிந்து கோர்ட் ஏறினாலே விசாரணை நிற்குமென்றால் முதலில் அடிபடுவது கூலிக்காரரும் சிறு விவசாயியும்தான்.

## முதலில் எதைப் பார்த்துத் தீர்மானிப்பது

வழிகளைப் பார்ப்பதற்கு முன் உங்களையே கேட்டுக்கொள்ள வேண்டியவை சில உண்டு. வக்கீலைப் பார்க்கும் முன்பே இவற்றுக்குப் பதிலை ஒரு தாளில் எழுதிவிடுவது நல்லது.

கோளாறு எங்கே? எஃப்.ஐ.ஆரே போடவில்லையா, போட்டுவிட்டுக் கிடப்பில் வைத்திருக்கிறார்களா, திசைமாறிப் போகிறதா, “கேஸ் இல்லை” என்று மூடிவிட்டார்களா? ஒவ்வொன்றுக்கும் மருந்து வேறு. பெரும்பாலோர் தடுமாறுவது இந்த முதல் கேள்வியிலேயே.

ஆதாரம் யார் கையில்? எடைச் சீட்டு, செக், வாட்ஸ்அப் குரல் பதிவு என்று உங்கள் கையிலேயே இருந்தால் போலீஸ் இல்லாமலும் நகரலாம். வியாபாரியின் கணக்குப் புத்தகமும் வங்கிப் பரிமாற்றமும் கிடங்கில் கிடக்கும் மூட்டையும் வேண்டுமென்றால், சோதனை போடும் அதிகாரம் உள்ளவர் தேவை.

எவ்வளவு சீக்கிரம் வேண்டும்? சிசிடிவி பதிவு போல அழிந்துபோகும் சாட்சியம் இருக்கிறதா?

யார்மேல் புகார்? போலீஸ்காரர் மேலேயே என்றால் கணக்கு முழுக்க மாறிவிடும்.

எந்த மாநிலம்? எல்லையில் இருப்பவர்களுக்கு மட்டும் உள்ள கேள்வி இது. இதற்குப் பதில் பயப்படும் அளவுக்குச் சிக்கலானது இல்லை. 173-ஆம் பிரிவு, குற்றம் எந்த எல்லையில் நடந்திருந்தாலும் தகவலை வாங்கிப் பதிவு செய்யச் சொல்கிறது. இதைத்தான் ஜீரோ எஃப்.ஐ.ஆர் என்கிறோம். பதிந்துவிட்டு உரிய ஸ்டேஷனுக்கு அனுப்புவது அவர்கள் வேலை, உங்கள் வேலை இல்லை. மோசடி வழக்கில் இன்னொரு வசதியும் உண்டு. ஏமாற்றும் பேச்சு போனிலோ செய்தியிலோ நடந்திருந்தால், அனுப்பிய இடம், கிடைத்த இடம், சரக்கு கைமாறிய இடம் எதிலும் வழக்கை விசாரிக்கலாம் என்கிறது 202-ஆம் பிரிவு. நெடுங்கண்டத்தில் போனில் பேசி அங்கேயே காயைக் கொடுத்தவர் போடிக்கு அலையத் தேவையில்லை.

## வழி 1: எஸ்.பி.க்கு மனு

ஸ்டேஷனில் மறுத்தால் புகாரின் சாரத்தை எழுத்தில் தபாலில் எஸ்.பி.க்கு அனுப்பலாம் என்று 173(4) சொல்கிறது. இடுக்கிக்காரர்கள் பைனாவுக்கு நேரில் போகிறார்கள். போங்கள், ஆனால் தபாலும் அனுப்புங்கள். நேரில் கொடுத்த மனு மேஜையில் காணாமல் போகும். ஸ்பீட் போஸ்ட் ரசீதும் ஒப்புகையும் அடுத்த கோர்ட்டில் உங்களுக்காகப் பேசும்.

இதன் பலன் சில சமயம் உடனே தெரியும். எஸ்.பி. ஆபீஸிலிருந்து ஒரு போன் போனாலே ஸ்டேஷனில் எஃப்.ஐ.ஆர் விழுந்துவிடும். பல சமயம் மனு அதே ஸ்டேஷனுக்கே கீழிறங்கி, அதே எஸ்.ஐ. கையில் “விசாரித்தேன், சிவில் தகராறு” என்ற அறிக்கையாக முடிந்துபோகும். அப்படியானாலும் இது வீண் இல்லை. இந்தப் படியை மிதிக்காமல் அடுத்த படிக்குப் போக முடியாது.

தமிழில் எழுதலாமா என்று பலர் கேட்கிறார்கள். 1969-ஆம் ஆண்டுக் கேரள ஆட்சிமொழிச் சட்டம், தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் அரசோடு தங்கள் மொழியில் எழுத்துப் போக்குவரத்து நடத்த இடம் தருகிறது. தயங்காமல் தமிழில் எழுதுங்கள். ஸ்டேஷனில் வாய்மொழியாகச் சொல்லி அவர்கள் எழுதினால், வாசித்துக் காட்டிய பிறகே கையெழுத்துப் போடுங்கள். “கடனுக்குக் கொடுத்தேன்” என்று ஒரு வரி விழுந்துவிட்டால் உங்கள் மோசடிக் கேஸ் அங்கேயே சிவிலாகிவிடும்.

## வழி 2: மாஜிஸ்திரேட்டிடம் 175(3) மனு

பழைய 156(3). என் பார்வையில் பத்துப் பேரில் பெரும்பாலோருக்குப் பொருந்தும் வழி இதுதான். மிகக் குறைவாக மதிக்கப்படுவதும் இதுதான். “சின்னக் கோர்ட்டு என்ன செய்துவிடும்?” என்கிறார்கள்.

நிறையச் செய்யும். சாகிரி வாசு வழக்கில் 2007 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட் இதை விரிவாகச் சொன்னது. எஃப்.ஐ.ஆர் போடாவிட்டால் போடச் சொல்லவும், போட்டும் சரியாக விசாரிக்காவிட்டால் ஒழுங்காக விசாரிக்கச் சொல்லவும், நடப்பதைக் கண்காணிக்கவும் மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் உண்டு. அவர் தாமே விசாரிக்கத்தான் முடியாது. 2019-ல் வினுபாய் மாளவியா வழக்கில் இன்னும் ஒரு படி போய், குற்றப்பத்திரிகை வந்த பிறகும் கோர்ட் குற்றச்சாட்டை முறைப்படி வனையும் (பதிவு செய்யும்) வரை மேல்விசாரணைக்கு உத்தரவிடலாம் என்றது. கிடப்பில் கிடக்கும் கேஸுக்கும் அரைகுறையாக முடித்த கேஸுக்கும்கூட இங்கே மருந்து உண்டு என்று அர்த்தம்.

மனு எப்படி இருக்க வேண்டும் என்பதில்தான் வெற்றி தோல்வி. 2015-ல் பிரியங்கா ஸ்ரீவஸ்தவா வழக்குக்குப் பிறகு சத்தியப் பிரமாணப் பத்திரம் கட்டாயம். இப்போது சட்டத்திலேயே எழுதிவிட்டார்கள். ஸ்டேஷனுக்குக் கொடுத்த தேதி, அவர்கள் தந்த ரசீது எண் (தமிழ்நாட்டுப் பக்கமென்றால் சி.எஸ்.ஆர். எண்), எஸ்.பி.க்கு அனுப்பிய ஸ்பீட் போஸ்ட் எண், அது போய்ச் சேர்ந்த தேதி எல்லாம் அந்தப் பிரமாணத்தில் வரிசையாக இருக்க வேண்டும். ஒன்று விடுபட்டாலும் மனு திரும்பும். பொய் சொன்னால் நடவடிக்கை உங்கள்மேல் வரும்.

ஏலக்காய்க் கேஸ்களில் நான் பார்த்த மனுக்கள் பெரும்பாலும் விழுவது இன்னோர் இடத்தில். பணம் வரவில்லை என்பது மட்டும் மோசடி ஆகாது. ஆரம்பத்திலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்தது தெரிய வேண்டும் என்பது சுப்ரீம் கோர்ட் திரும்பத் திரும்பச் சொன்ன சட்டம். அதனால் “எத்தனையோ முறை கேட்டும் தரவில்லை” என்று இரண்டு பக்கம் எழுதுவதில் பயனில்லை. செக் கொடுத்த தேதிக்கு முன்பே அந்தக் கணக்கு மூடப்பட்டிருந்ததா? அதே வாரத்தில் பக்கத்துத் தோட்டங்களிலும் இதே போல வாங்கினாரா? சொன்ன கடைப் பெயரில் அப்படி ஒரு கடை உண்டா? எடைச் சீட்டில் தேதி, கிலோ, மூட்டை எண்ணிக்கை, எடுத்துப் போன ஆளின் கையெழுத்து இருக்கிறதா? இந்த நான்கு பதில்கள் முதல் பக்கத்திலேயே இருந்தால் “சிவில்” என்ற சொல் அவ்வளவு சுலபமாக வராது.

மறைந்திருக்கும் செலவு, காத்திருப்பு. புதிய சட்டப்படி மாஜிஸ்திரேட் தேவையான விசாரிப்பு செய்து, போலீஸ் தரப்பையும் கேட்ட பிறகே உத்தரவு போட வேண்டும். முன்பு ஒரே வாய்தாவில் முடிந்தது இப்போது இரண்டு மூன்றாகிறது. ஒவ்வொன்றும் ஒரு நாள் கூலி. உத்தரவு வாங்கிய பிறகும் விசாரிப்பது யார்? முதலில் மறுத்த அதே ஸ்டேஷன். அங்கேதான் கண்காணிப்பு அதிகாரம் உதவும். தொண்ணூறு நாளுக்குள் விசாரணை முன்னேற்றத்தைப் புகார்தாரருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 193-ஆம் பிரிவு சொல்கிறது. தெரிவிக்காவிட்டால் அதையே எழுதி மாஜிஸ்திரேட் முன் வையுங்கள்.

“கேஸ் இல்லை” என்று போலீஸ் ரெஃபர் ரிப்போர்ட் போட்டாலும் கதவு மூடிவிடாது. அதை ஏற்கும் முன் புகார்தாரருக்கு நோட்டீஸ் கொடுத்துக் கேட்க வேண்டும் என்று பகவந்த் சிங் வழக்கில் 1985-லேயே முடிவாகிவிட்டது. நோட்டீஸ் பழைய முகவரிக்குப் போய்விட்டால் தெரியாமலே கேஸ் முடிந்துபோகும். லயம் (தோட்டக் குடியிருப்பு) மாறிக் குடியேறும் தோட்டத் தொழிலாளர்கள் புது முகவரியைக் கோர்ட்டிலும் ஸ்டேஷனிலும் எழுதிக் கொடுப்பது ரொம்ப முக்கியம்.

## வழி 3: தனிப்புகார்

223-ஆம் பிரிவு, பழைய 200. போலீஸை ஒதுக்கிவிட்டு நீங்களே மாஜிஸ்திரேட் முன் புகார் வைத்து, சாட்சி சொல்லி, வழக்கை நடத்துவது.

வழி 2-க்கும் இதற்கும் எது என்று தீர்மானிக்க 2015-ல் ராம்தேவ் ஃபுட் பிராடக்ட்ஸ் வழக்கு நல்ல அளவுகோல் தருகிறது. பொருளைக் கைப்பற்றவோ ஆளைக் கைது செய்யவோ போலீஸ் தேவை என்றால் வழி 2. கையிலிருப்பதே போதும், சரிபார்த்தால் மட்டும் போதும் என்றால் இது. தனிப்புகாரில் மாஜிஸ்திரேட் போலீஸிடம் அறிக்கை கேட்டாலும், அந்த விசாரிப்பில் அவர்கள் யாரையும் கைது செய்ய முடியாது.

எல்லைக்காரர்களுக்கு இங்கே ஒரு சுணக்கம் உண்டு. எதிராளி அந்தக் கோர்ட்டின் எல்லைக்கு வெளியே குடியிருந்தால், சம்மன் அனுப்பும் முன் மாஜிஸ்திரேட் விசாரிப்பு நடத்தியே ஆக வேண்டும் என்கிறது 225. போடிக்காரர் என்றாலே இது வரும். புதிய சட்டம் இன்னொன்றையும் சேர்த்திருக்கிறது: புகாரைக் கோப்பில் எடுக்கும் முன்பே எதிராளிக்கும் பேச வாய்ப்புத் தர வேண்டும். பாரம் முழுக்க உங்கள் தோளில். சாட்சியைக் கூட்டி வருவதும் வாய்தாவுக்கு வருவதும் நீங்கள்தான். வராவிட்டால் புகார் தள்ளுபடியாகலாம்.

இதோடு சேர்த்துச் சொல்லியே ஆக வேண்டியது செக் கேஸ். செக் திரும்பியதாக வங்கி சொன்ன நாளிலிருந்து 30 நாளுக்குள் நோட்டீஸ், நோட்டீஸ் கிடைத்ததிலிருந்து 15 நாள் அவகாசம், அதன்பின் ஒரு மாதத்துக்குள் கோர்ட்டில் புகார். போலீஸ் எஃப்.ஐ.ஆர் போடுமா என்று பார்த்துக்கொண்டே இந்த நாள்களைக் கோட்டை விட்டவர்கள் ஏராளம். அந்தக் கடிகாரம் போலீஸுக்காக நிற்காது. 2015 திருத்தத்துக்குப் பிறகு, செக்கை உங்கள் கணக்கில் போட்டிருந்தால் உங்கள் வங்கிக் கிளை இருக்கும் ஊர்க் கோர்ட்டிலேயே வழக்கு. கணக்கு நெடுங்கண்டத்தில் என்றால் வியாபாரிதான் மலை ஏறி வர வேண்டும். வேறு எந்த வழியில் போனாலும் இதைத் தனியாக ஓட விடுங்கள்.

## வழி 4: ஹைகோர்ட்

226-ஆம் அரசியல் சட்டப் பிரிவில் ரிட், அல்லது 528-ல் (பழைய 482) மனு. எஃப்.ஐ.ஆர் போடவில்லை என்பது மட்டும் குறையென்றால் இங்கே வராதீர்கள், மாஜிஸ்திரேட்டிடம் போங்கள் என்று சாகிரி வாசு தீர்ப்பே ஹைகோர்ட்டுகளுக்கு அறிவுரை சொல்லிவிட்டது. 2020-ல் எம். சுப்பிரமணியம் – எஸ். ஜானகி என்ற தமிழ்நாட்டு வழக்கில், எஃப்.ஐ.ஆர் போடச் சொல்லிச் சென்னை ஹைகோர்ட் தந்த உத்தரவையே சுப்ரீம் கோர்ட் ரத்து செய்தது. ஹைகோர்ட்டில் ஜெயித்து வந்தவர், வருஷங்கள் கழித்து மறுபடி மாஜிஸ்திரேட் படியில் நிற்க வேண்டியதாயிற்று.

“லலிதா குமாரி தீர்ப்பு இருக்கிறதே?” என்று கேட்பார்கள். இருக்கிறது. கைது செய்யத்தக்க குற்றம் புகாரிலேயே தெரிந்தால் எஃப்.ஐ.ஆர் போட்டே ஆக வேண்டும் என்று 2013-ல் ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள். ஆனால் வணிகத் தகராறு, குடும்பத் தகராறு போன்றவற்றில் முதற்கட்ட விசாரிப்பு செய்யலாம் என்றும் அதே தீர்ப்பு சொன்னது. புதிய சட்டத்தில் மூன்று முதல் ஏழு ஆண்டுக்குக் குறைவான தண்டனையுள்ள குற்றங்களுக்கு, டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாள் விசாரிப்பு உண்டு. போலீஸ் கடமையைச் செய்யவில்லை என்பது உண்மையானாலும், அதைச் சரிசெய்யும் இடம் எது என்பது வேறு கேள்வி.

கண்ணுக்குத் தெரியாத செலவு இங்கே நிறைய. இடுக்கிக்கு எர்ணாகுளம், தேனிக்கு மதுரைக் கிளை. எங்கே போனாலும் ஒரு நாள் போய்விடும். ஆவணம் எல்லாம் ஆங்கிலத்தில் போக வேண்டும். பணத்தைவிடப் பெரிய நஷ்டம் ஒன்று உண்டு: பல ரிட்டுகள் “மனுவைச் சட்டப்படி பரிசீலிக்கவும்” என்ற உத்தரவோடு முடிகின்றன. போலீஸ் பரிசீலித்து, “சிவில்” என்று எழுதிக் கொடுத்துவிடும். உத்தரவும் நிறைவேறிவிட்டது, உங்களுக்கு ஒன்றும் கிடைக்கவில்லை.

ஆனால் ஹைகோர்ட் மட்டுமே சரியான வழி என்ற நிலைமைகளும் உண்டு. அங்கே தயங்கவே கூடாது. போலீஸ் காவலில் அடி, மரணம், ஆளைக் கூட்டிப் போய்க் கணக்கில் காட்டாமல் வைத்திருப்பது இவை எதுவும் மாஜிஸ்திரேட் மனுவுக்குக் காத்திருக்கும் விஷயமல்ல. 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் காவலில் இறந்தபோது மதுரைக் கிளை தானாக முன்வந்து எடுத்தது. ஸ்டேஷனையே வருவாய்த் துறையின் பொறுப்பில் வைக்கச் சொன்னது. சிபிஐ வரும் வரை சாட்சியம் கெடக்கூடாதென்று சிபிசிஐடியை உடனே இறங்கச் சொன்னது. கோர்ட் தலையிடக்கூடாது என்ற கோடு, குற்றவாளியே விசாரணை அதிகாரியாக இருக்கும் இடத்தில் பொருந்தாது என்பதற்கு அதுவே சாட்சி.

இரண்டாவது, இரு மாநிலப் போலீஸும் எழுத்திலேயே “எங்கள் எல்லை இல்லை” என்று பந்தை உருட்டும்போது. எந்த ஹைகோர்ட் என்று குழம்ப வேண்டாம். வழக்குக்குக் காரணமான சம்பவத்தின் ஒரு பகுதி நடந்த மாநிலத்து ஹைகோர்ட்டும் விசாரிக்கலாம். 2000-ல் நவீன்சந்திர மஜீதியா வழக்கில் ஷில்லாங்கில் போட்ட எஃப்.ஐ.ஆர் பற்றிய மனுவைப் பம்பாய் ஹைகோர்ட் எடுக்கலாம் என்று தீர்ப்பானது.

## சிபிஐ கேட்பது

எந்தப் பெரிய வழக்கிலும் ஊர்க் கூட்டம் முதலில் கேட்பது சிபிஐ. மாஜிஸ்திரேட் சிபிஐ விசாரணைக்கு உத்தரவிட முடியாது என்று 2001-லேயே முடிவானது. கேரளா 2020 நவம்பரிலும் தமிழ்நாடு 2023 ஜூனிலும் சிபிஐக்குத் தந்திருந்த பொது ஒப்புதலைத் திரும்பப் பெற்றுவிட்டன. மாநில அரசு தனியாக ஒப்புதல் தர வேண்டும்; இல்லையென்றால் ஹைகோர்ட் அல்லது சுப்ரீம் கோர்ட் உத்தரவு வேண்டும். அப்படி உத்தரவிட ஹைகோர்ட்டுக்கு அதிகாரம் உண்டென்று 2010-ல் அரசியல் சாசன அமர்வு சொன்னது. அபூர்வமாகவே பயன்படுத்த வேண்டும் என்றும் சேர்த்துச் சொன்னது.

கிடைத்தாலும் நீதி உறுதியா? வாளையார் நம் எல்லையிலேயே இருக்கிறது. 2017-ல் இரண்டு சிறுமிகள் அடுத்தடுத்து இறந்தார்கள். 2019-ல் பாலக்காடு கோர்ட்டில் விடுதலை, 2021-ல் கேரள ஹைகோர்ட் அந்த விடுதலையை ரத்து செய்தது, சிபிஐ வந்தது, 2022 ஆகஸ்டில் சிபிஐயின் அறிக்கையையும் ஏற்காமல் மேலும் விசாரிக்கச் சொன்னது பாலக்காடு கோர்ட். முதல் சில நாளில் சேகரிக்காத சாட்சியத்தைப் பிறகு வரும் எந்த அமைப்பாலும் உண்டாக்க முடியாது. அந்தக் குழந்தைகளுக்கு நேர்ந்ததை நினைக்கும்போதெல்லாம், முதல் வாரத்திலேயே உள்ளூர்க் கோர்ட்டின் கண்காணிப்பைக் கேட்பது எவ்வளவு முக்கியம் என்றுதான் மனம் பதறுகிறது. விசாரணை அதிகாரியை மாற்றச் சொல்வது, கிரைம் பிராஞ்சுக்கு மாற்றச் சொல்வது, சிறப்புக் குழு கேட்பது இவையெல்லாம் சிபிஐக்கு முன் இருக்கும் படிகள்.

## ஒரே பார்வையில்

| வழி | எப்போது சிறந்தது | எதைத் தராது | மறைந்த செலவு |
|---|---|---|---|
| எஸ்.பி. மனு | ஸ்டேஷன் புகாரை வாங்கவே மறுத்தால் | கட்டாய உத்தரவு | மனு அதே ஸ்டேஷனுக்குத் திரும்புவது |
| மாஜிஸ்திரேட் 175(3) | எஃப்.ஐ.ஆர் இல்லை, கேஸ் கிடப்பில், சோதனையோ பறிமுதலோ தேவை | விசாரணை முடிவு, சிபிஐ | வாய்தாக்கள், மறுத்த ஸ்டேஷனே விசாரிப்பது |
| தனிப்புகார் 223 | ஆதாரம் முழுக்கக் கையில் | கைது, சோதனை | சாட்சியும் வழக்கும் உங்கள் பொறுப்பு |
| ஹைகோர்ட் | போலீஸே எதிராளி, காவல் கொடுமை, இரு மாநில இழுபறி | சாதாரண எஃப்.ஐ.ஆர் குறைக்கு விரைவான தீர்வு | பயணம், மாதங்கள், வெறும் “பரிசீலிக்கவும்” உத்தரவு |
| சிபிஐ | மாநிலப் போலீஸை நம்பவே முடியாத அபூர்வ வழக்கு | இழந்த முதல்நாள் சாட்சியம் | ஆண்டுகள் |

பெண்கள், பட்டியல் சாதி மற்றும் பழங்குடியினருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் கிடைக்கும். தாலுகா சட்டப் பணிகள் குழுவில் ஒரு விண்ணப்பம் போதும். இந்த எல்லா வழிக்கும் இது பொருந்தும்.

## கேஸ் உங்கள்மேல் விழுந்திருந்தால்

கம்பம், போடியிலிருந்து எழுதுகிறவர்களில் பாதிப்பேர் மறுபக்கத்தில் நிற்பவர்கள். கேரளாவில் எஃப்.ஐ.ஆர், வீடு தமிழ்நாட்டில். அதை ரத்து செய்யக் கேட்பதா, முன்ஜாமீன் கேட்பதா?

ரத்து கேட்பது 528-ல். 1992-ல் வெளியான பஜன்லால் தீர்ப்பு ஏழு வகை நிலைமைகளைச் சொன்னது. புகாரில் உள்ளதை அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டாலும் குற்றமே தெரியவில்லை என்பது அதில் முக்கியமானது. “நான் செய்யவில்லை” என்பது இங்கே எடுபடாது, அது விசாரணையில் பார்க்க வேண்டியது. 2021 ஏப்ரலில் நீஹாரிகா வழக்கில் சுப்ரீம் கோர்ட் இன்னும் கறாராகச் சொன்னது: விசாரணையை முளையிலேயே கிள்ளாதீர்கள், காரணம் எழுதாமல் “கடுமையான நடவடிக்கை வேண்டாம்” என்று பொத்தாம் பொதுவாக உத்தரவு போடாதீர்கள்.

அதனால் பெரும்பாலோருக்கு முன்ஜாமீன்தான் முதலில். எண்ணில் மட்டும் கவனம் தேவை. பழைய சட்டத்தில் 482 ரத்து மனு. புதிய சட்டத்தில் 482 முன்ஜாமீன். வக்கீலிடம் எண்ணைச் சொல்லாமல் எது வேண்டுமென்று சொல்லுங்கள். வேறு மாநிலத்து எஃப்.ஐ.ஆருக்கும் உங்கள் ஊர் செஷன்ஸ் கோர்ட்டோ ஹைகோர்ட்டோ குறுகிய கால முன்ஜாமீன் தரலாம் என்று 2023 நவம்பரில் பிரியா இந்தோரியா வழக்கில் தீர்ப்பானது. அந்த அவகாசத்துக்குள் கேரளக் கோர்ட்டுக்குப் போக வேண்டும். 35(3) நோட்டீஸ் (கைது செய்யாமல் நேரில் வரச் சொல்லும் போலீஸ் நோட்டீஸ்) வந்தால் ஒளியாமல் போய் நில்லுங்கள். போகிறவரைக் கைது செய்யப் போலீஸ் காரணம் எழுத வேண்டும், ஒளிகிறவர் அந்தக் காரணத்தை அவர்களுக்குத் தாமே தந்துவிடுகிறார். ரத்து மனுவைக் குற்றப்பத்திரிகை வந்த பிறகும் போடலாம், அந்த வாசல் மூடாது.

ஒரே சம்பவத்துக்கு இரண்டு மாநிலத்திலும் எஃப்.ஐ.ஆர் விழுந்தால் மட்டும் என் யோசனை மாறும். 1994 கூத்துப்பறம்பு துப்பாக்கிச் சூட்டிலிருந்து எழுந்த டி.டி. ஆண்டனி – கேரள அரசு வழக்கில், ஒரே நிகழ்வுக்கு இரண்டாவது எஃப்.ஐ.ஆர் செல்லாது என்று 2001-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது. எதிராளியின் புகாருக்கு நீங்கள் கொடுக்கும் எதிர்ப்புகார் இதில் சேராது, அது தனி. இரண்டு எஃப்.ஐ.ஆர்களையும் பக்கத்தில் வைத்துத் தேதி, இடம், பெயர், தொகை ஒத்துப்போகிறதா என்று பாருங்கள். ஒத்துப்போனால், இரண்டாவது விழுந்த மாநிலத்தின் ஹைகோர்ட்டில் அதை மட்டும் ரத்து செய்யக் கேளுங்கள், முதல் எஃப்.ஐ.ஆரின் சான்றிட்ட நகலை முதல் இணைப்பாக வையுங்கள்.